நாற்பத்து மூன்று சாவும் ஓர் ஆடும்

கொரோனா ஓய்ந்த மறு பங்குனியில், ஒரு செவ்வாய்க்கிழமை காலை பத்தரை மணிக்கு, செங்கல்பட்டிலிருந்து மாமல்லபுரம் போகிற பஸ்ஸில் நிறமே இல்லாத ஒரு பெண்மணி ஏறி உட்கார்ந்தார். நிறமில்லை என்றால் வெளுப்பு என்று பொருளில்லை. வெள்ளைக்காரர்களைப் பார்த்துப் பார்த்து அந்தத் தடத்துக் கண்டக்டர்களுக்குச் சலித்தே போய்விட்டது. இவர் கறுப்பு, வெள்ளை, நடுவில் சாம்பல், அவ்வளவுதான். தொப்பி சாம்பல், உதடு கறுப்பு, மடியில் வைத்திருந்த தோல்பை அடுப்புக்கரி. கண்டக்டர் கிழித்துக் கொடுத்த டிக்கெட்டும் அவர் விரல் பட்டதும் நிறம் போய்விட்டது. கண்டக்டருக்கு அதில் ஆட்சேபம் ஒன்றுமில்லை. சரியான சில்லறை கொடுத்தார் என்பதுதான் பின்னாளில் அவர் சொல்லிச் சொல்லி வியந்த அதிசயம். எங்கே இறங்க வேண்டும் என்று கேட்டதற்கு அந்தம்மாள் உதட்டை அசைத்தார்; சத்தம் வரவில்லை. டிரைவர் சீட்டுக்குப் பின்னாலிருந்த தகரத்தில் கறுப்பாக ஒரு கட்டம் விழுந்தது. சுற்றிலும் கொடி வேலைப்பாட்டுக் கரை, நடுவில் வெள்ளையாக நல்ல தமிழ் எழுத்து: "கடற்கரைக் கோயில். நான் அங்கே ஒருமுறை செத்திருக்கிறேன்." நிதானமாக இரண்டு தடவை படிக்கிற நேரம் இருந்துவிட்டு அது மறைந்தது. மூன்றாவது வரிசையில் இருந்த ஒருவர் மட்டும், மூக்குக்கண்ணாடியைத் தேடி எடுப்பதற்குள் போய்விட்டதே என்று திருக்கழுக்குன்றம் வரை குறைப்பட்டுக்கொண்டு வந்தார்.

பெயர் ஹெர்மினா வாச்செக். அந்நாளைய ஐரோப்பிய சாம்ராஜ்யம் ஒன்றின் மொராவியாச் சீமையில், சிப்பியிலிருந்து பொத்தான் கடைகிற ஓர் ஊரில், ஆயிரத்து எண்ணூற்று அறுபத்து நாலில் பிறந்தவர். பத்தொன்பது வயதில் கப்பலேறி அமெரிக்கா போய், நாடகக் கம்பெனிகளில் ஊர் ஊராக அலைந்தார். நாற்பத்தாறாவது வயதில், படம் ஓடுவதே புதுசாக இருந்த காலத்தில், சினிமாவுக்குள் நுழைந்தார். அப்போது படத்துக்குப் பேச்சு கிடையாது; வசனம் கறுப்புக் கட்டத்தில் எழுத்தாக விழும். கதாநாயகி ஆகிற முகமில்லை அது. முப்பதிலேயே ஐம்பது வயது போட்டுக்கொண்ட முகம். ஆகவே வாடகைக்காரர்களைத் துரத்துகிற வீட்டுக்காரி, யுத்தத்துக்குப் பிள்ளையை அனுப்புகிற தாய், சீட்டுப் போட்டுக் குறி சொல்கிறவள், ருஷ்ய ஜமீன்தாரிணி என்று எது மிச்சமோ அதெல்லாம் அவருக்கு. எந்த வேஷமாக இருந்தாலும் கடைசி ரீலுக்குள் செத்தாக வேண்டும். அவர் செத்தால் கொட்டகையில் அழாதவர்கள் இல்லையாம். கம்பெனி முதலாளி சரக்கின் தரம் தெரிந்த மனிதர். இந்த முகம் ஒருமுறை சிரித்துவிட்டால் அப்புறம் எவனும் இதற்காக அழமாட்டான் என்று கண்டு, காமிராவுக்கு முன்னால் சிரிக்கக் கூடாது என்று ஒப்பந்தத்திலேயே எழுதி வாங்கிவிட்டார். காசநோயிலும் பனியிலும் துப்பாக்கிக் குண்டிலும் ஏக்கத்திலுமாக நாற்பத்து மூன்று படங்களில் நாற்பத்து மூன்று முறை செத்தார். பிறகு படம் பேச ஆரம்பித்தது. அவர் இங்கிலீஷில் பொத்தான் ஊர் வாசனை அடித்ததால் வேலை போயிற்று. முப்பத்தொன்றாம் வருஷம், வாடகை அறை ஒன்றில், காய்ச்சலில் நிஜமாகவே செத்தார்.

செத்தார் என்று எழுதிவிடலாமே தவிர, அந்தச் சாவு ஒட்டவில்லை. நாற்பத்து மூன்று முறை செத்துப் பழகியவர் அந்தப் பழக்கத்திலேயே கண்ணை மூடிக்கொண்டு, யாராவது 'கட்' சொல்லட்டும் என்று காத்திருந்தார். யாரும் சொல்லவில்லை. முதுகு வலித்தது. எழுந்து உட்கார்ந்துவிட்டார்.

அதற்கப்புறம் தொண்ணூறு வருஷம் அவருக்கு ஒரே வேலைதான். படத்தில் எந்தெந்த ஊரில் செத்தாரோ அந்தந்த ஊருக்கெல்லாம் போனார். அதுவரை எதையும் அவர் பார்த்ததில்லை. பின்னால் தொங்கிய படத்துணியில் எழுதிய ஊர்கள்தான். பனிமலைக்குப் போய்ப் படுத்துப் பார்த்தார். பாரீஸில் ஒரு மச்சு அறையை வாடகைக்குப் பிடித்துப் படுத்துப் பார்த்தார். ருஷ்யாவில் ஒரு ரயிலடியில் படுத்தார். எங்கேயும் சாவு ஏறவில்லை. கடைசியாக மிஞ்சியது மாமல்லபுரம். பதினாறாம் வருஷத்துப் படமொன்றில், முகத்தில் மை பூசிக்கொண்டு ஓர் இந்திய ராஜாவின் தாயாக நடித்து, உப்புக் கரைத்த தண்ணீர்த்தொட்டியில் விழுந்து செத்திருந்தார். பின்னால் தொங்கியது தபால் அட்டையைப் பார்த்து எழுதிய கடற்கரைக் கோயில். இங்கேயும் ஆகாவிட்டால் போவதற்கு வேறு ஊர் இல்லை.

இங்கேயும் ஆகவில்லை. கோயிலுக்குத் தெற்கே மணலில் மூன்று மணி நேரம் படுத்திருந்துவிட்டு எழுந்தார். எழுந்து கோயிலை ஏற இறங்கப் பார்த்தார். பக்கத்திலிருந்த ஃபைபர் படகின் விலாவில், "துணியில் இது இதைவிட ஐந்து மடங்கு பெரிசு" என்று வந்தது. வலை பிரித்துக்கொண்டிருந்தவர்கள் படித்துவிட்டுத் தலையாட்டினார்கள். ஊருக்குள்ளே அவர் வழி விசாரித்தபோது எழுத்து விழுந்த சுவர்கள், தேர்தலுக்குச் சிலர் முன்பதிவு செய்து வைத்திருந்தவை. சண்டைக்கு வந்த கட்சிக்காரர்கள், எழுத்து தானே அழிந்துவிடுகிறது, சுண்ணாம்புச் செலவு மிச்சம் என்று தெரிந்ததும், எங்கள் சின்னத்தையும் இப்படிப் போட்டுத் தர என்ன கேட்பீர்கள் என்று பேரம் பேசிப் பார்த்துவிட்டுப் போனார்கள்.

அன்று பிற்பகல், கடற்கரைச் சாலையில் சினிமாவுக்கும் சீரியலுக்கும் வாடகைக்கு விடுகிற ஒரு பங்களாவின் வாசலில் துணை நடிகர்கள் வரிசையில் நின்றுகொண்டிருந்தார்கள். அந்தம்மாளுக்கு எங்கே வரிசை இருந்தாலும் போய் நிற்கிற பழக்கம். போய் நின்றார். மேனேஜர் வந்து சுற்றிப் பார்த்தார்.

"மேக்கப்பு யாரு போட்டது? சும்மா அள்ளுது. பேயி சீனுக்கு நிக்க வையி. சாப்பாடு உண்டு, பேட்டா சாயங்காலம்."

வரிசையில் அவருக்கு முன்னால் நின்றவள் பிரிசில்லா. கருங்குழிக்காரி, நாற்பத்தொரு வயது. புருஷன் ஜெரோம், அணுபுரத்திலிருந்து கல்பாக்கத்துக்கு ஆட்களை ஏற்றிப் போகும் ஸ்டாஃப் பஸ் ஓட்டுகிறவன். பிரிசில்லாவின் தொழில் பிணமாகப் படுப்பது. கண்ணாடிப் பெட்டிக்குள், மூக்கில் பஞ்சோடு, ஈ உட்கார்ந்தாலும் இமை துடிக்காமல் இருபது நிமிஷம் கிடப்பாள்; செங்கல்பட்டு முதல் சென்னை வரை அவளுக்கு நிகராக இன்னொருத்தி கிடையாது என்று விவரம் தெரிந்தவர்கள் சொல்வார்கள். வீட்டில்தான் மதிப்பில்லை. பிணமாகப் படுத்த நாளில் மாமியார் செங்கம்மாள் அவளை மாதா படத்துப் பக்கம் விடமாட்டாள். எத்தனை மணிக்கு வருவாய் என்று ஜெரோம் கேட்பான். எப்படி இருந்தது என்று கேட்டதில்லை. பதினாறு வருஷத் தொழில், கேட்க ஒரு ஆள் இல்லை.

அன்று அவள் நடித்து முடித்ததும் உதவிக் காமிராமேன் இனியன், "அக்கா, சிரிப்பு!" என்றான். பிரிசில்லா பெட்டியிலிருந்து எழுந்து, பஞ்சை எடுத்துவிட்டு, காமிராவைப் பார்த்துப் பல் தெரியச் சிரித்தாள். இனியன் காமிராவை ஒரு நொடி ஓடவிட்டு நிறுத்தினான். இந்தப் பக்கத்துச் சினிமாவில் அது சட்டம். பிணமாக நடித்தவர்கள் அந்த இடத்திலேயே காமிராவுக்கு ஒரு சிரிப்பு கொடுத்துவிட்டுத்தான் இறங்க வேண்டும். இது பொய்ச் சாவு என்று சாவுக்குத் தெரிய வேண்டாமா? இல்லாவிட்டால் அது வாசனை பிடித்துக்கொண்டு வீடுவரை வந்துவிடும்.

பக்கத்தில் நின்ற நிறமில்லாத பெண்மணி ஆடிப்போய்விட்டார். பங்களாச் சுவரில் கட்டம் விழுந்தது: "ஏன் சிரித்தாய்?"

பிரிசில்லா படித்தாள். படிக்கிற சுவரையும் கேட்கிற ஆளையும் மாற்றி மாற்றிப் பார்த்தாள்.

"இன்னாக்கா இப்பிடி கேக்கற? செத்துட்டு சிரிக்காம எவளாச்சும் வூட்டுக்குப் போவாளா? நீ இன்னா, இந்த லைன்லதான் கீறியா?"

"நாற்பத்து மூன்று முறை."

"நாப்பத்தி மூணா! சிரிச்சியா?"

"ஒருமுறையும் இல்லை."

"அட பாவி மனுஷி," என்றாள் பிரிசில்லா. அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள். "அதான் உனுக்கு இந்த கதி. நாப்பத்தி மூணும் முடியாம நிக்குது. அப்புறம் நெஜ சாவு எங்க இருந்து வரும்?"

ஹெர்மினாவை மீனாவாக ஆக்கக் கருங்குழிக்கு அரை நாள்தான் பிடித்தது. பிரிசில்லா வீட்டுப் பின்னறையில் அவருக்கு ஒரு கட்டில் போடப்பட்டது. செங்கம்மாள் முதலில் முணுமுணுத்தாள். வந்தவர் காப்பி குடித்தால் காப்பியும் நிறம் போய் விடுகிறது, தம்ளர் கறை பிடிப்பதில்லை என்று பார்த்ததும் அடங்கினாள். மறுநாள் ஷூட்டிங் முடிந்து பிரிசில்லா வீடு திரும்பியபோது, பின்னறைச் சுவரில் எழுத்து காத்திருந்தது: "இன்று எப்படிச் செத்தாய்?" பிரிசில்லா வாசற்படியிலேயே நின்றுவிட்டாள். பிறகு கட்டிலில் உட்கார்ந்து, ஒரு மணி நேரம், லாரி மோதிய சாவு எப்படி, அதில் கழுத்து எந்தப் பக்கம் சாய வேண்டும், மூச்சை வயிற்றுக்குள் எப்படிச் சன்னமாக இறக்க வேண்டும் என்று சொன்னாள். மீனாம்மா எதிரே உட்கார்ந்து, ஏக்கத்தில் சாகும்போது விரல்தான் கடைசியில் சாக வேண்டும், முகம் முதலிலேயே செத்துவிட வேண்டும் என்று சுவரில் சொன்னார். தினமும் சாயங்காலம் இது நடந்தது.

மூத்த பிணம் அப்பாசாமியிடம் யோசனை கேட்டார்கள். நூற்றிருபது கிலோ, இருநூறு படம், ஜமீன்தார் பிணமென்றால் அவர்தான்.

"சாவுக்கு ஒண்ணு சிரிப்பு, கரீட்டா," என்றார் அப்பாசாமி. "ஒவ்வொரு சாவா படுத்து, எழுந்து, காமிராவாண்ட சிரிக்கணும். ஒண்ணு கொறஞ்சா இப்பிடியே அலைய வேண்டிதுதான். ஆனா கணக்கு முடிஞ்சப்புறம் ஒண்ணு கூடுச்சுன்னு வையி, காமிராவே வாணாம், அது போயி நெஜ சாவ அடிச்சிடும். அப்புறம் ஒலகம் அழியற வரைக்கும் இந்தம்மா உக்காந்துகினே இருக்கணும். எண்ணிக்கை முக்கியம், தாயி."

எண்ணிக்கை பிரிசில்லாவின் பொறுப்பாயிற்று. பைபிளின் கடைசி வெள்ளைத்தாளில் கோடு போடுவது என்று முடிவாயிற்று. பேக்கப் ஆன பிறகு ஒரு நிமிஷம் காமிராவை மீனாம்மா பக்கம் திருப்ப இனியன் ஒப்புக்கொண்டான்.

சிரிப்புதான் வரவில்லை. ஒப்பந்தம் எழுதிய முதலாளி செத்து எண்பது வருஷம் ஆகியும் முகம் ஒப்பந்தத்தை மீறமாட்டேன் என்றது. ஜெரோம் ஸ்டாஃப் பஸ்ஸில் கேட்ட ஜோக்குகளையெல்லாம் வந்து சொன்னான். மீனாம்மா மரியாதையாகத் தலையாட்டினார். செல்போனில் காமெடி காட்டினார்கள். விழுகிறவனுக்கு அடிபட்டிருக்குமே என்று சுவரில் கவலைப்பட்டார். ஆனி போய் ஆடி வந்தது. பைபிளில் ஒரு கோடு இல்லை.

ஆடி மாதம், பங்களாத் தோட்டத்தில் ஜமீன்தார் சாவு. அப்பாசாமி ரோஜா மாலையோடு பந்தலில் கிடக்கிறார், நாற்பது பேர் சுற்றி நின்று அழுகிறார்கள், காமிரா ஓடுகிறது. பக்கத்துக் குப்பத்திலிருந்து வந்த ஒரு வெள்ளாடு கூட்டத்தை விலக்கிக்கொண்டு உள்ளே நுழைந்து மாலையைத் தின்ன ஆரம்பித்தது. அழுகிறவர்கள் அழுதுகொண்டே 'உஸ், உஸ்' என்றார்கள். அப்பாசாமி அசையவில்லை, தொழில் தர்மம். ஆடு மார்பை முடித்துவிட்டுக் கழுத்துக்கு வந்தது. கழுத்திலிருந்து மூக்குப் பஞ்சுக்கு வந்தது. ஒரு பக்கத்துப் பஞ்சை மென்று பார்த்துவிட்டு, பிடிக்காமல், பிணத்தின் முகத்திலேயே தும்மியது. கண்ணைத் திறக்காமல், கையை அசைக்காமல், உதட்டின் ஓரத்தால் பிணம் பேசிற்று:

"டேய்... எந்த கஸ்மாலம்டா ஆட்ட வுட்டது?"

ஓரமாக நின்று பார்த்துக்கொண்டிருந்த மீனாம்மா சிரித்துவிட்டார். சத்தமில்லை. ஆனால் தோள் குலுங்கி, தொப்பி கழன்று, வாய் முழுக்கத் திறந்து, முன்பல் இடைவெளி தெரியச் சிரித்தார். பிரிசில்லா அவரை இழுத்துக்கொண்டு ஓடிப்போய், ஓரமாக இருந்த கண்ணாடிப் பெட்டியில் ஒரு நொடி படுக்க வைத்து எழுப்பினாள். இனியன் காமிராவைத் திருப்பினான். சிரிப்பு அப்போதும் நிற்கவில்லை. முதல் கோடு விழுந்தது. அன்று சாயங்காலம் அவர் கழுத்துச் சரிகை லேசாக மஞ்சள் காட்டியது.

அதன்பிறகு சிரமமில்லை. அவர் படுத்து எழுந்ததும், காமிராவுக்குப் பின்னாலிருந்து பிரிசில்லா "ஆடு" என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும். பனியில் செத்ததற்கு ஒன்று, குண்டில் செத்ததற்கு ஒன்று என்று கோடுகள் ஏறின. ஷூட்டிங் இல்லாத மாதங்களும் இருந்ததால் பத்து மாதம் பிடித்தது. பத்தாவது சிரிப்பில் கண் பச்சையாயிற்று. இருபதில் தலைமயிர் செம்பு நிறமாயிற்று. முப்பதைத் தாண்டியதும் உடம்பில் பார்க்கிற மாதிரி நிறம் வந்துவிட்டதால் மாமல்லபுரத்தில் அவர் பாடு திண்டாட்டமாயிற்று. அதுவரை சீண்டாமலிருந்த கல் பிள்ளையார் விற்கிறவர்களெல்லாம், சாதாரண வெள்ளைக்காரி என்று நினைத்து, விலையைக் குறைத்துக் குறைத்துக்கொண்டே பஸ் ஸ்டாண்டுவரை பின்னால் வந்தார்கள். நிறம் முழுக்க வந்தால்தானே சாவு ஒட்டும் என்றார் அப்பாசாமி.

பிரிசில்லா கோடு போட்டுக்கொண்டே வந்தாள். நாற்பதுக்கு மேல் அவள் கை தாமதித்தது. இனியனுக்குக் காய்ச்சல் என்றாள், காமிரா ரிப்பேர் என்றாள், மழை வரும் போலிருக்கிறது என்றாள். மீனாம்மா ஒருநாள் சுவரில், "எனக்கு மிகவும் களைப்பாக இருக்கிறது, பிரிசில்லா" என்று மட்டும் சொன்னார். மறுநாள் காமிரா சரியாகிவிட்டது.

நாற்பத்து மூன்றாவதைக் கடற்கரைக் கோயிலுக்குத் தெற்கே, அதே மணலில் எடுத்தார்கள். வைகாசி மாத வெயில், காலை ஒன்பது மணி. மீனாம்மா படுத்தார், எழுந்தார், கோயிலைத் திரும்பிப் பார்த்தார். பிரிசில்லா வாயைத் திறப்பதற்கு முன்பே படகின் விலாவில் எழுத்து வந்தது: "இவ்வளவுதானா! இதற்காகவா உப்புத்தண்ணீரைக் குடித்தேன்!" வந்ததும் அவரே படித்துவிட்டு, வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். இனியன் நிறுத்தினான். உதடு சிவந்து, கன்னம் சிவந்து, அறுபத்தேழு வயதுக்காரி ஒருத்தி மணலில் உட்கார்ந்தாள். பிரிசில்லாவின் மடியில் தலையை வைத்தாள். முகம் முதலிலும் விரல் கடைசியிலுமாகச் செத்துப்போனாள்.

காகித வேலைகள் ஒரு வாரம் நடந்தன. பிறந்த சாம்ராஜ்யம் கலைந்து நூறு வருஷமாகிவிட்டதால் அவரைக் கேட்டு வர எந்தத் தூதரகமும் இல்லை. பிறந்த வருஷம் என்ற இடத்தில் 1864 என்று போட்டார்கள்; நாலு இலக்கம் கேட்டது, நாலு இலக்கம் இருந்தது, படிவம் ஏற்றுக்கொண்டது. ஃபாதர் பெஞ்சமின் கேட்டது ஒரே கேள்வி: ஞானஸ்நானம் பெற்றவர்தானா? பொத்தான் ஊரில், எட்டாம் நாளில் என்று பிரிசில்லா சொன்னாள். கருங்குழிக் கல்லறைத் தோட்டத்தில், ஏரிப் பக்கம், குழி வெட்டப்பட்டது.

பெட்டியைக் குழியோரம் வைத்து ஃபாதர் ஜெபம் வாசித்துக்கொண்டிருந்தபோது, பக்கத்துக் கொல்லைக்காரர் தனகோடியின் வெள்ளாடு, சுற்றுச்சுவரின் இடிந்த பாகத்தில் ஏறி உள்ளே குதித்தது. நேராக வந்து, பெட்டிமேல் சம்பங்கிகளுக்கு நடுவே வைத்திருந்த ரோஜா வளையத்தைத் தின்ன ஆரம்பித்தது. அப்பாசாமியின் தோள் குலுங்கத் தொடங்கியது. வாயில் துண்டை வைத்து அடைத்துக்கொண்டார். ஃபாதருக்கு வரி தவறியது. அப்போது எதிர்ச் சுவரில், புதிதாக வெள்ளையடித்த பாகத்தில், கொடிக் கரையோடு ஒரு கறுப்புக் கட்டம் விழுந்தது.

"பிரிசில்லா, ஆட்டை விரட்டு."

எல்லாரும் படித்தார்கள். எல்லாரும் பிரிசில்லாவைப் பார்த்தார்கள். பெட்டி மூடியின்மேல் இருந்த சம்பங்கிகள் மெல்ல நடுங்க ஆரம்பித்தன. உள்ளே ஒருவர் சிரிப்பை அடக்கப் பல்லைக் கடித்துக்கொண்டிருக்கிறார் என்பது தொழில் தெரிந்த எல்லாருக்கும் புரிந்தது. இன்னும் ஒரு சிரிப்பு, நாற்பத்து நான்காவது. அது வந்துவிட்டால் மூடியைத் திறந்துகொண்டு மீனாம்மா எழுந்து உட்காருவார். பின்னறைக் கட்டில் அப்படியே இருக்கும். சாயங்காலம் சுவர் கேட்கும். ஒரு நாளல்ல, உலகம் உள்ளவரை.

பிரிசில்லா அசையவில்லை. பிணம்போல நின்றாள். ஆடு முதல் வரிசை ரோஜாவை முடித்து இரண்டாவதற்கு வந்தது. பெட்டி குழியோரத்து மண்ணில் லேசாகக் கிரீச்சிட்டது.

"இன்னாடி பாத்துகினு கீற?" என்று ஜெரோம் பல்லுக்குள்ளே சொன்னான். "வெரட்டுடி!"

ஆடு நிமிர்ந்தது. மூக்கைச் சுருக்கித் தும்மப் போயிற்று. பிரிசில்லா பக்கத்து வேப்பமரத்தில் கிளை ஒன்றை ஒடித்து, ஒரே வீச்சில், அதன் முகத்துக்குக் குறுக்கே காற்றை அடித்தாள். ஆடு துள்ளிச் சுவரேறிப் போய், தனகோடியின் கொல்லையில் தும்மியது. சம்பங்கிகள் நின்றன. பெட்டியை இறக்கினார்கள். மண் போட்டுவிட்டு வீட்டுக்கு வந்து கை கால் கழுவினபோது, பின்னறைச் சுவர் வெறும் சுவராக இருந்தது. வெகு நேரம் கழித்து ஜெரோம் அந்த வாசலில் வந்து நின்று, "அவங்க செத்தது... எப்பிடி இருந்துச்சி?" என்று கேட்டான். பிரிசில்லா சொன்னாள்.

சுவர் எழுத்து இந்த முறை, இரண்டு தடவை படிக்கிற நேரம் போயும் மறையவில்லை. மூன்று கல்லறைத் திருநாளுக்கு மூன்று தடவை வெள்ளையடித்தாயிற்று. காய்ந்ததும் மேலே வந்துவிடுகிறது. நாலாவது தடவை சுண்ணாம்பு வாங்கப் பணமில்லை என்று பங்குக் கோயில் கூட்டத்தில் தீர்மானம் போட்டு விட்டுவிட்டார்கள். புதிதாக வருகிறவர்கள், யார் அந்த பிரிசில்லா என்று கேட்பார்கள். தோட்டத்துக்குக் காவல் போட்ட ஆள் போலிருக்கிறது என்று அவர்களே முடிவு செய்துகொள்வார்கள். சுவரின் இடிந்த பாகத்தை அடைக்க வேண்டும் என்று பேச்சு இருக்கிறது, அடைக்கவில்லை. ஒவ்வொரு நவம்பர் இரண்டாம் தேதியும் பிரிசில்லா மெழுகுவத்தியும் ரோஜா மாலையும் வாங்கிக்கொண்டு போகிறாள். மாலையை வைத்துவிட்டு, வெறுங்கையோடு, சுவரின் இடிந்த பாகத்தைப் பார்த்து நிற்பாள். அந்தப் பக்கம் தனகோடியின் ஆடுகள் மேய்ந்துகொண்டிருக்கும். அவற்றில் ஒன்று தலையைத் தூக்கும்வரை நிற்பாள். பிறகு போய் வேப்பங்கிளை ஒடித்துக்கொண்டு வருவாள்.